கையில் மெழுகுவர்த்தியோடு வரும் அந்த அம்மா: இது எந்தப் படம்?

வார்டனம்மா:

எல்லாருக்கும் வணக்கம். உலக சினிமா பற்றிப் பேசுகிற இடத்தில் எனக்கு என்ன வேலை என்று கேட்காதீர்கள். எனக்கு ஒரு படத்தின் பெயர் வேண்டும், அவ்வளவுதான்.

போன ஞாயிற்றுக்கிழமை பேத்தி டேப்லெட்டைத் தள்ளித் தள்ளிப் பார்த்துக்கொண்டிருந்தாள். நடுவில் ஒரு பழங்காலத்துக் கறுப்பு வெள்ளைத் துண்டு. ஒரு நிமிடம்கூட இருக்காது, சத்தமும் இல்லை. பெண்கள் ஹாஸ்டல் அறை மாதிரி ஒன்று. தொளதொள இரவு கவுன் போட்ட பெண்கள் தலையணையால் ஒருத்தியை ஒருத்தி மொத்திக்கொள்கிறார்கள். அப்போது ஒரு அம்மா உள்ளே வருகிறார், கையில் மெழுகுவர்த்தி. ஒருத்தி கட்டிலுக்கு அடியில் நுழையப் பார்க்கிறாள். அந்த அம்மா அவளைப் பிடித்து இழுக்கிறார். நான் "திரும்பப் போடு"ன்னு சொல்வதற்குள் பேத்தி அடுத்ததற்குத் தாவிவிட்டாள். பிறகு எவ்வளவு தேடியும் அது கிடைக்கவில்லை.

எனக்கு ஏன் இவ்வளவு அக்கறை என்றால், நான் 22 வருடம் ஒரு பெண்கள் கல்லூரி விடுதியில் வார்டனாக இருந்தவள். மெழுகுவர்த்திக்குப் பதில் என் கையில் மூன்று கட்டை டார்ச் இருக்கும். மற்றபடி அந்த அம்மா அப்படியே நான்தான்.

பத்து மணிக்கு விளக்கணைத்தால் பத்தரைக்கு மாடியில் ஆரம்பித்துவிடும். முதலில் இரும்புக் கட்டில் கிரீச்சிடும், அப்புறம் யாரோ வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பாள். நான் படியேறும்போது ரப்பர் செருப்பை வேண்டுமென்றே சடக் சடக்கென்று அடித்துக்கொண்டு போவேன். மேலே போய்ச் சேர்வதற்குள் பதினாலு பேரும் போர்வைக்குள் செத்த பிணம் மாதிரி கிடப்பார்கள். டார்ச்சை ஒரு சுற்று சுற்றிவிட்டு இறங்கிவிடுவேன். அவர்களுக்கும் மானம் போகாது, எனக்கும் மறுநாள் விளக்கக் கடிதம் வாங்குகிற வேலை கிடையாது. ஒரே ஒரு நாள் படியில் செருப்பு வார் அறுந்துபோய் வெறுங்காலோடு போய்விட்டேன். அன்றைக்கு நடந்தது அப்படியே இந்தப் படம்தான். கட்டிலுக்கு அடியில் இருந்தவளை நானே குனிந்து இழுத்தேன்.

அதனால்தான் கேட்கிறேன். என்ன படம், எந்த ஊர்? இன்னொரு சந்தேகமும் உண்டு. ராத்திரி என்பதற்குத்தானே மெழுகுவர்த்தி? ஆனால் அறை முழுக்கப் பட்டப்பகல் மாதிரி இருந்தது. அந்த மெழுகுவர்த்தி இருந்தாலும் ஒன்றுதான், இல்லாவிட்டாலும் ஒன்றுதான். இது என்ன கணக்கு?

—

கடைசி பெஞ்ச்:

மேடம், சந்தேகமே வேண்டாம். ழான் விகோ எடுத்த 'ஜீரோ ஃபார் காண்டக்ட்'. பிரெஞ்சுப் படம், 1933. போர்டிங் ஸ்கூல், தலையணைச் சண்டை, எல்லாம் பொருந்துகிறது. தலையணை கிழிந்து இறகு பனி மாதிரி கொட்டும், பையன்கள் ஸ்லோ மோஷனில் ஊர்வலம் போவார்கள். உலகத்தின் மிகச் சிறந்த மௌனப் படங்களில் ஒன்று. கட்டாயம் முழுசாகப் பாருங்கள்.

—

பழைய ரீல்:

தம்பி, அவர் "பெண்கள்" என்கிறார், நீங்கள் பையன்களைக் காட்டுகிறீர்கள். அவர் இறகு என்று சொல்லவே இல்லை. போதாததற்கு விகோவின் படம் மௌனப் படமே இல்லை. அந்த ஊர்வலக் காட்சிக்கு மோரிஸ் ழோபேர் போட்ட இசை புகழ்பெற்றது. மெட்டைத் தலைகீழாக எழுதி வாசிக்கவைத்துப் பதிவு செய்து, அந்தப் பதிவைப் பின்னோக்கி ஓட்டினார்கள். அதனால்தான் அது கனவில் கேட்கிற மாதிரி இருக்கும். ம்யூட்டில் பார்த்தீர்களோ என்னவோ.

வார்டனம்மா கேட்பது எடிசன் கம்பெனியின் 'செமினரி கேர்ள்ஸ்', 1897. எடிசனே எடுத்தார் என்று அர்த்தமில்லை. அப்போது அங்கே படப் பிரிவைக் கவனித்தவர் ஜேம்ஸ் வைட், கேமரா வில்லியம் ஹெய்ஸ். நம் ஊரில் செமினரி என்றால் பாதிரியாருக்குப் படிக்கிற இடம் என்றுதான் நினைப்போம். அந்தக் காலத்து அமெரிக்காவில் பெண்கள் தங்கிப் படிக்கும் பள்ளிக்கும் அதே பெயர்தான். நீங்கள் சொன்ன மூன்று விஷயமும் (தலையணை, மெழுகுவர்த்தி, கட்டிலுக்கு அடியில் ஒருத்தி) இதில் இருக்கின்றன. கேமரா நட்ட இடத்திலேயே நிற்கும், வெட்டே கிடையாது. இதே எடிசன் கம்பெனி இதே வருடம் தனியாக ஒரு தலையணைச் சண்டைப் படமும் எடுத்தது. இறகு பறப்பது அதில். நாலு பெண்கள் அடித்துக்கொள்வார்கள், வார்டன் வரமாட்டார். போட்டிக் கம்பெனி பயோகிராபும் ஒன்று எடுத்தது. ஒருவன் எடுத்து ஓடினால் மற்றவனும் எடுப்பது அன்றைக்கே இருந்த வியாதி.

இனி உங்கள் இரண்டாவது கேள்வி. இத்தனை வருடத்தில் இதை என்னிடம் யாரும் கேட்டதில்லை. பிலிம் சொசைட்டியில் எத்தனை பேருக்குப் போட்டுக் காட்டியிருப்பேன்! எல்லாரும் சிரித்துவிட்டுப் போவார்கள். பட்டப்பகல் மாதிரி இருந்தது என்கிறீர்களே, அது பட்டப்பகலேதான்.

அப்போதைய பிலிமுக்கு வெளிச்சத்தை வாங்கும் சக்தி மிகக் குறைவு. மெழுகுவர்த்தி ஒளியெல்லாம் அதில் பதியாது. நேர் வெயில் வேண்டும். எடிசனின் ஆட்கள் நியூஜெர்சி வெஸ்ட் ஆரஞ்சில் கட்டிய படப்பிடிப்புக் கொட்டகைக்கு பிளாக் மரியா என்று பட்டப்பெயர். அங்கே போலீஸ் கைதிகளை ஏற்றிப்போகும் வண்டியை அப்படிச் சொல்வார்கள். கறுப்பாக, அடைசலாக அதே மாதிரி இருந்ததால் இதற்கும் அந்தப் பெயர். 1893இல் கட்டி முடித்தார்கள், செலவு 637 டாலர் 67 சென்ட். கூரையின் ஒரு பகுதியைக் கதவு மாதிரி மேலே தூக்கித் திறக்கலாம். சூரியன் நகர நகர வெயில் விலகிப்போகுமே, அதற்கு என்ன செய்வது? கட்டடத்தையே திருப்பினார்கள். நடுவில் அச்சு, கீழே வட்டமாகத் தண்டவாளம். தேர் திருப்புகிற மாதிரி தள்ளி வெயிலுக்கு நேராக நிறுத்திவிட்டு நடிக்கச் சொல்வார்கள்.

ஆக, தலைக்கு மேலே உச்சி வெயில், கூரை திறந்து கிடக்கிறது, கீழே பெண்கள் நடுராத்திரி என்று சொல்லிக்கொண்டு அடித்துக்கொள்கிறார்கள். அந்த அம்மா கையிலிருக்கும் மெழுகுவர்த்தி வெளிச்சத்துக்கு இல்லை. "இப்போது ராத்திரி" என்று பார்க்கிறவர்களுக்குச் சொல்கிற பலகை அது. நம் நாடகத்தில் ராஜாவுக்கு அட்டைக் கிரீடம் வைப்போமே, அது மாதிரி.

மின்சார விளக்கில் படம் எடுக்க முடியாதா என்று கேட்டால், முடிந்தது. ஆனால் லேசில் இல்லை. 1899இல் நியூயார்க் கடற்கரையில் இருக்கிற கோனி தீவில் ஜெஃப்ரிஸ், ஷார்க்கி குத்துச்சண்டையை ராத்திரியில் படமெடுக்க பயோகிராப்காரர்கள் சுமார் 400 ஆர்க் விளக்குகளைத் தொங்கவிட்டார்கள். கீழே சண்டை போட்ட இரண்டு பேரும் வெந்துபோனார்கள். தலையணைச் சண்டைக்கு யார் அவ்வளவு செலவு செய்வார்கள்?

அமெரிக்காவின் லைப்ரரி ஆஃப் காங்கிரஸ் தளத்தில் எடிசன் கம்பெனிப் படங்கள் நிறைய இருக்கின்றன, காசில்லாமல் பார்க்கலாம். அவற்றில் பெரும்பாலானவை பிழைத்த கதையே தனி. 1912 வரை அந்த நாட்டுக் காப்புரிமைச் சட்டத்தில் சினிமா என்று ஒரு இனமே கிடையாது, புகைப்படத்துக்குத்தான் உரிமை. அதனால் கம்பெனிகள் முழுப் படத்தையும் காகிதச் சுருளில் புகைப்படமாக அச்சடித்துப் பதிவுக்குக் கொடுத்தன. பிலிம் எரிந்தும் மக்கியும் போயிற்று, காகிதம் அலுவலக மூலையில் தூங்கியது. 3000க்கு மேற்பட்ட படங்கள். பின்னால் கெம்ப் நைவர் என்பவர் பல வருடம் உட்கார்ந்து அந்தக் காகிதத்தை ஒவ்வொரு கட்டமாக மறுபடி பிலிமில் பிடித்தார். அதற்காக 1955இல் சிறப்பு ஆஸ்கர் கொடுத்தார்கள். குமாஸ்தா வேலைக்காகக் கொடுத்த காகிதம், சினிமாவைக் காப்பாற்றிவிட்டது.

—

நியூஜெர்சி மாப்பிள்ளை:

நான் இருப்பது எடிசன் என்கிற டவுன்ஷிப்பில். ஊர் பெயரைப் பார்த்துவிட்டு இங்கேதான் அந்தக் கொட்டகை இருந்தது என்று ஊரிலிருந்து வந்த மாமனாரிடம் அடித்துவிட்டேன். அவர் "எங்கே காட்டுங்க மாப்ளே" என்று கிளம்பிவிட்டார். அப்புறம்தான் தெரிந்தது, இங்கே இருந்தது எடிசனின் பழைய மென்லோ பார்க் ஆய்வுக்கூடம். கொட்டகை இருந்தது வெஸ்ட் ஆரஞ்சில். வேறு வழியில்லாமல் காரில் கூட்டிக்கொண்டு போனேன்.

அசல் கொட்டகையை 1903லேயே பிரித்துவிட்டார்கள். இப்போது நிற்பது 1954இல் அதே மாதிரி கட்டிய நகல். வெளியே முழுக்கத் தார்க் காகிதம் போர்த்தி, ஆணி அடித்து, ஒரு பக்கம் உயர்ந்தும் ஒரு பக்கம் தாழ்ந்தும் என்னவோ போல நிற்கிறது. மாமனார் ஒரு சுற்று சுற்றி வந்துவிட்டு, "இதுல ஆடு கூட அடைக்க மாட்டோமேய்யா, இதுலயா சினிமா எடுத்தான்?" என்றார். ஆகஸ்ட் மாதம். வெளியே நின்ற எங்களுக்கே சட்டை ஒட்டிவிட்டது. உள்ளே சுவரெல்லாம் கறுப்பு, மேலே வெயில், உடம்பில் கழுத்திலிருந்து கணுக்கால்வரை கவுன். அந்தப் பெண்கள் எப்படிச் சிரித்தார்களோ.

பழைய ரீல் ஐயா சொன்ன கோனி தீவில் எடுத்த இன்னொன்றும் உண்டு: 'போர்டிங் ஸ்கூல் கேர்ள்ஸ்', 1905. எட்வின் போர்ட்டர் எடுத்தது. மிஸ் நாப் என்கிற அம்மாவின் பள்ளிப் பெண்கள் கோனி தீவுக்கு டூர் போய் ராட்டினம், கடல் என்று கொட்டம் அடிப்பார்கள். எட்டு வருடத்துக்குள் கொட்டகையை விட்டு வெளியே வந்து நிஜக் காற்றில் ஓடுகிறார்கள். எனக்கு அதுதான் பிடிக்கும்.

—

கல்யாணி:

எல்லாரும் வெயிலையும் காகிதத்தையும் பேசுகிறீர்கள். யார் பார்ப்பதற்காக எடுத்தார்கள் என்பதையும் சேர்த்துப் பேசுங்கள். 1897இல் தெருவில் போகிற பெண்ணின் பாவாடை தரையைத் தொடும். அந்தக் காலத்தில் இரவு உடையில் பெண்கள் என்பதே காசு கொடுத்துப் பார்க்கிற சங்கதி. பெட்டிக்குள் கண்ணை வைத்துத் தனியாகப் பார்க்கிற மெஷின்களில் இந்த மாதிரிப் படங்களுக்கு நல்ல கிராக்கி. பள்ளிக்கூடக் குறும்பு என்பது மேலே போர்த்திய போர்வை. கடைசியில் வார்டன் வந்து கண்டித்துவிடுவதால் பார்த்தவனுக்கும் உறுத்தாது. ஒழுக்கமான படம் பார்த்த திருப்தியோடு வீட்டுக்குப் போவான். வார்டனம்மா, உங்கள் நினைவைக் கெடுப்பதற்காகச் சொல்லவில்லை.

—

பழைய ரீல்:

கல்யாணி சொல்வதை மறுக்க முடியாது. ஆனாலும் ஒன்று. ஒரு நிமிடத்துக்குள் விளையாட்டு, வருகை, பிடிபடுதல் என்று மூன்று படி ஏறி இறங்குகிற கதை அதில் இருக்கிறது. நகைச்சுவைப் படம் அப்போதுதான் தவழ ஆரம்பித்த காலம். வெறும் இரவு உடையைக் காட்டத்தான் என்றால் அந்தக் கட்டிலே தேவையில்லை.

—

வார்டனம்மா:

பழைய ரீல் சார், மிக்க நன்றி. தேடிக் கண்டுபிடித்து ஏழெட்டுத் தடவை பார்த்துவிட்டேன். அதேதான்.

கல்யாணிக்கு ஒரு வார்த்தை. நீங்கள் எதையும் கெடுக்கவில்லை. எங்கள் விடுதிக்கு எதிரே மூன்று மாடிக் கட்டடம் ஒன்று வந்தது. வந்த மாதமே மொட்டை மாடியில் நாலு பேர் நிற்க ஆரம்பித்தார்கள். நிர்வாகத்துக்கு மூன்று கடிதம் எழுதினேன், திரை வாங்கப் பணமில்லை என்று பதில். பிறகு நானே இரண்டு டப்பா பச்சை பெயிண்ட் வாங்கி, மாடி ஜன்னல் கண்ணாடி அத்தனைக்கும் அடித்தேன். பிள்ளைகளுக்கு என் மேல் கோபம். நிலா தெரியவில்லை, காற்றில்லை என்றார்கள். நகத்தால் சுரண்டி ஒரு ரூபாய் அளவுக்கு ஓட்டை போட்டு வைத்திருந்தார்கள், நானும் பார்த்தும் பார்க்காத மாதிரி இருந்துவிட்டேன். நீங்கள் எழுதியதைப் படித்த பிறகு படத்தை மறுபடி பார்த்தேன். அந்த அறைக்கு நாலாவது சுவர் இல்லை. பெயிண்ட் அடிக்க வேண்டிய பக்கம் அதுதான். அந்த அம்மா மெழுகுவர்த்தியை எடுத்துக்கொண்டு தப்பான பக்கம் தேடுகிறார்.

அப்படியும் அந்தப் பிள்ளைகள் விளையாடுவது எனக்குப் பொய்யாகத் தெரியவில்லை. நடிக்கச் சொன்னதாகவே இருக்கட்டும், தலையணையைக் கையில் எடுத்த பிறகு நடிப்பாவது ஒன்றாவது! கடைசி பெஞ்ச் தம்பி, நீங்கள் சொன்ன விகோ படத்தையும் பார்த்தேன். தூங்குகிற வார்டனைக் கட்டிலோடு கட்டி, கட்டிலை நிமிர்த்தி நிற்கவைத்துவிடுகிறார்கள் பையன்கள்! எனக்கு நெஞ்சே அடைத்துவிட்டது. ஆனால் காண்டக்டில் பூஜ்யம் போட்டால் ஞாயிற்றுக்கிழமை வெளியே விடமாட்டார்கள் என்று ஒரு தண்டனை வருகிறதே, அது எங்களிடமும் இருந்தது. அவுட்பாஸ் கட். அடிப்பதைவிடப் பெரிய தண்டனை அது. சனிக்கிழமை சாயங்காலம் பையைக் கட்டிவைத்துவிட்டு, நோட்டீஸ் போர்டில் தன் பெயரைப் பார்த்துவிட்டுத் திரும்பி நடப்பாள் பாருங்கள், அந்த நடையை என்னால் இன்றைக்கும் பார்க்க முடியாது.

—

பழைய ரீல்:

விகோ அதைச் சும்மா எழுதவில்லை அம்மா. அப்பா அரசாங்கமே வேண்டாம் என்கிற அராஜகவாதி, 1917இல் சிறையில் செத்தார். பிள்ளையைப் பொய்ப் பெயரில் வெளியூர் விடுதிப் பள்ளியில் சேர்க்க வேண்டியிருந்தது. அவர் பட்டதுதான் படத்தில் வருகிறது. பிரான்சில் அந்தப் படத்தைத் தடை செய்து, இரண்டாம் உலகப் போர் முடிந்த பிறகுதான் விட்டார்கள். அதற்குள் விகோ போய்ச் சேர்ந்து பத்து வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது. சாகும்போது வயது 29. அமெரிக்காக்காரன் படத்தில் வார்டன் ஜெயிக்கிறார், இதில் பையன்கள் கூரை மேல் ஏறிப் போய்விடுகிறார்கள்.

—

கடைசி பெஞ்ச்:

மௌனப் படம் என்று சொன்னது தப்புதான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ம்யூட்டில் பார்க்கவில்லை ஐயா. பஸ்ஸில் போகும்போது பார்த்தேன், இயர்போன் ஒரு பக்கம் வேலை செய்யவில்லை.

—

வார்டனம்மா:

நாலு நாள் கழித்து வருகிறேன். 'செமினரி கேர்ள்ஸ்' சுட்டியை எங்கள் பழைய மாணவிகள் வாட்ஸ்ஆப் குழுவில் போட்டு, "யாருக்காவது ஏதாவது ஞாபகம் வருகிறதா?" என்று கேட்டிருந்தேன். சிரிக்கும் பொம்மைகள் வந்து கொட்டின. ஒருத்தி, "மேடம், நீங்க செருப்பைத் தட்டிட்டு வர்றது எங்களுக்காகத்தான்னு ஃபர்ஸ்ட் இயர்லயே தெரியும், சீனியர் அக்காங்க சொல்லிட்டாங்க" என்று போட்டாள். இருபது வருட ரகசியம் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தது!

நேற்று ராத்திரி தனியாக ஒரு செய்தி வந்தது. அனுப்பியவள் இப்போது ஒரு பள்ளியில் தலைமையாசிரியை, அவளுக்கே கல்லூரி போகிற மகள் இருக்கிறாள். செருப்பு வார் அறுந்த அன்றைக்கு மாடியில் இருந்த பதினாலு பேரில் அவளும் ஒருத்தி. நான் இழுத்துப் பிடித்தது அவளை இல்லை.

எழுதியதை அப்படியே போடுகிறேன்:

"மேடம், அன்னிக்குக் கட்டிலுக்கு அடியில ரெண்டு பேர் இருந்தோம். டிரங்குப் பெட்டிக்குப் பின்னாடி நான். நீங்க அவ காலை மட்டும்தான் பார்த்தீங்க. அவளுக்கு ரெண்டு வாரம் அவுட்பாஸ் கட் ஆச்சு. கடைசிவரைக்கும் அவ என் பேரைச் சொல்லவே இல்ல."